நாலு ஓட்டையும் பொருந்தியது, ரிம் பொருந்தவில்லை

பொன்னேரியில் ஒரு கல்யாணத்துக்குப் போய்விட்டுத் திருவொற்றியூருக்குத் திரும்பிக்கொண்டிருந்தோம். மீஞ்சூர் பஜாரில் நெரிசல். வண்டி நடைவேகத்துக்கு வந்ததும் இடது முன்பக்கத்திலிருந்து 'டக்' என்று ஒரு சத்தம். சக்கரம் ஒரு சுற்று சுற்றினால் ஒரு டக். டயர் இடுக்கில் கல் மாட்டியிருக்கும் என்று ஓரங்கட்டி இறங்கிப் பார்த்தேன். கல் எதுவும் இல்லை. ஏதோ தோன்றி வீல் நட்டைத் தொட்டேன். அது கையோடு சுற்றியது. நாலு நட்டில் மூன்று அப்படித்தான் இருந்தன. பின்சீட்டில் அம்மா, பக்கத்தில் என் மனைவி, அவள் மடியில் தூங்கிக்கொண்டிருந்த மகள். அதற்கு அரை மணி நேரம் முன்புதான் காலிச் சாலையில் 70-இல் வந்திருந்தோம்.

ஸ்டெப்னி பக்கத்தில் கிடந்த ஸ்பேனரை எடுத்து, கை நடுங்க, நாலையும் இறுக்கினேன். வீடு வந்து சேரும்வரை 30-ஐத் தாண்டவில்லை. அந்த நட்டுகள் ஏன் கழன்றன என்று மறுநாள்தான் எனக்குப் புரிந்தது. ரிம் மாற்ற நினைக்கிற ஒவ்வொருவருக்கும் அது தெரிந்திருக்க வேண்டும் என்று நினைக்கிறேன். அதனால்தான் கொஞ்சம் விரிவாக எழுதுகிறேன்.

என்னுடையது ஸ்விஃப்ட், இரண்டாவது தலைமுறை, இரும்பு ரிம்மோடு வந்த மாடல். எங்கள் பக்கத்தில் பலர் அதை 'டிஸ்க்' என்பார்கள். 2023 டிசம்பரில் மிக்ஜாம் புயல் மழை வடிந்த பிறகு மணலி ரோட்டில், கன்டெய்னர் லாரிகள் தோண்டிவைத்த பள்ளம் ஒன்று தேங்கிய தண்ணீருக்குள் ஒளிந்திருந்தது. முன்சக்கரம் அதில் இறங்கியதில் ரிம்மின் விளிம்பு உள்பக்கமாக மடங்கிவிட்டது. பெண்டு எடுத்து ஓட்டினேன். ஆனாலும் வாரத்துக்கு ஒரு முறை காற்று இறங்கியது. மற்ற மூன்றிலும் கடல் காற்றில் துரு ஏறியிருந்தது. சரி, நாலையும் மாற்றி அலாய் போட்டுவிடலாம் என்று முடிவு செய்தேன்.

நகருக்குள் ஒரு கடையில் பழைய ஹோண்டா சிட்டி அலாய் ஒரு செட் இருந்தது. 15 இன்ச். கீறல் அதிகமில்லை. "ஸ்விஃப்ட்டும் 4×100, சிட்டியும் 4×100, அப்படியே ஏறும் சார்" என்றார் கடைக்காரர். 4×100 என்றால் நாலு போல்ட் ஓட்டை, அவை நிற்கிற வட்டத்தின் விட்டம் 100 மி.மீ. அது உண்மைதான். என் கண்முன்னாலேயே ஏறியது. நாலு ஓட்டையும் நாலு போல்ட்டுக்கு நேராக வந்தன. 185/65 ஆர் 15 டயர் புதிதாக வாங்கி, பேலன்சிங் செய்து, ஏர் கன்னால் என் பழைய நட்டுகளையே இறுக்கி அனுப்பினார்கள். வண்டியைப் பார்க்கவே அழகாக இருந்தது. வண்டலூர்–மீஞ்சூர் வெளிவட்டச் சாலையில் 80-ஐத் தொட்டபோது ஸ்டியரிங் லேசாக உதறியது. பேலன்சிங் சரியில்லை என்று நினைத்து இரண்டு தடவை திரும்பச் செய்தேன். உதறல் போகவில்லை. மூன்றாவது வாரம் மீஞ்சூரில் அந்த டக்.

மறுநாள் டோல்கேட் பக்கத்தில் எனக்குப் பழக்கமான டயர் கடைக்குப் போனேன். பாய் முப்பது வருஷமாக லாரி டயரும் கார் டயரும் பார்க்கிறவர். ஜாக்கி போட்டு, இடது முன்சக்கரத்தின் நட்டுகளைக் கழற்றி, சக்கரத்தை இரண்டு கையாலும் பிடித்து மேலும் கீழும் ஆட்டினார்.

"எந்த வண்டி ரிம்மு தம்பி இது?"

"ஹோண்டா சிட்டி, பாய். அதே நாலு ஓட்டை, அதே நூறு. கரெக்டா உக்காருதே?"

"உக்காரல தம்பி. தொங்கினு கீது."

சக்கரத்தை இறக்கிவிட்டு என்னைக் குனிந்து பார்க்கச் சொன்னார். சக்கரத்தை மாட்டுகிற ஹப்பின் நடுவில் வட்டமாக ஒரு உதடு வெளியே நீட்டிக்கொண்டிருக்கும். ரிம்மின் நடு ஓட்டை அதன்மேல்தான் போய் உட்கார வேண்டும். சென்டர் போர் என்கிறார்களே, அது இந்த நடு ஓட்டையின் விட்டம். வெர்னியரை வைத்து அளந்து காட்டினார். ஸ்விஃப்ட்டின் ஹப்புக்கு வேண்டியது 54.1 மி.மீ. ஹோண்டா ரிம்மின் ஓட்டை 56.1. வித்தியாசம் 2 மி.மீ., சுற்றிவர ஒவ்வொரு பக்கமும் 1 மி.மீ. அரிசி மணியின் தடிமன்கூட இல்லாத அந்த இடைவெளியில் சக்கரம் நடுவைவிட்டுத் தள்ளி நின்றிருக்கிறது. மையம் தப்பிய சக்கரத்தை எத்தனை தடவை பேலன்சிங் மெஷினில் ஏற்றினாலும் மெஷின் 'சரி' என்றுதான் சொல்லும். அந்த மெஷின் ரிம்மின் நடு ஓட்டையைக் கூம்பு வைத்து மையத்தில் பிடித்துக்கொள்கிறது. ஹப்பில் அப்படிப் பிடிக்க எதுவும் இல்லை. நான் இரண்டு தடவை காசு கொடுத்தும் உதறல் போகாததற்கு இதுதான் காரணம்.

ஆனால் நட்டைக் கழற்றிவிட்டது வேறொன்று. பாய் ஒரு நட்டை எடுத்து என் உள்ளங்கையில் வைத்தார். அதன் அடிப்பக்கம் பம்பரம்போலச் சரிந்து குறுகியிருந்தது. மாருதி நட்டுகளுக்கு இந்தக் கூம்பு வடிவம். பிறகு ரிம்மில் நட் உட்காரும் இடத்தில் விரலை விட்டுத் தடவச் சொன்னார். அது பணியாரச் சட்டியின் குழிபோல உருண்டையாக இருந்தது. ஹோண்டாவின் கம்பெனி ரிம்முக்கு உருண்டை அடி வைத்த நட்டுதான் வரும். கூம்பைக் கொண்டுபோய்ப் பணியாரக் குழியில் வைத்தால் முழுசாகப் படியுமா? விளிம்பில் ஒரு மெல்லிய கோடாகத்தான் தொடும். கடையில் இருந்த மார்க்கர் பேனாவை எடுத்து நட்டின் கூம்பு முழுக்கக் கறுப்பாகப் பூசினார். மாட்டி இறுக்கினார். திரும்பக் கழற்றினார். பூசிய கறுப்பில் ஒரு நூல் அகலத்துக்கு மட்டும் வட்டமாக அழிந்திருந்தது, மீதி அப்படியே இருந்தது. ரிம்மின் குழிக்குள்ளும் அதே இடத்தில் அலுமினியம் நசுங்கிப் பளபளவென்று ஒரு வளையம்.

பார்த்ததும் எனக்கு வயிற்றைப் பிசைந்தது. என் குடும்பம் போன வண்டி அந்த நூல் அகலத்தில்தான் நின்றிருந்தது.

சக்கரத்தின் சுமையைப் போல்ட்டே தாங்குகிறது என்றுதான் நானும் அதுவரை நினைத்திருந்தேன். அது தப்பு. நட் செய்கிற வேலை ரிம்மை ஹப்பின் முகத்தோடு இறுக்கி அழுத்துவது. அந்த அழுத்தத்தில் இரண்டு உலோகத்துக்கும் நடுவே வருகிற உராய்வுதான் ரிம்மை நகரவிடாமல் பிடிக்கிறது. நட் சரியாகப் படியாத இடத்தில் மெலிதான வளையம் நசுங்க நசுங்க அழுத்தம் குறையும். அழுத்தம் குறைந்தால் ரிம் அசையும். ரிம் அசைந்தால் நட் கழலும். ஒவ்வொரு பள்ளமும் அதற்குத் துணைபோகும். எண்ணூர் எக்ஸ்பிரஸ் ரோட்டில் தினமும் போகிறவர்களுக்குப் பள்ளத்தைப் பற்றிச் சொல்ல வேண்டியதில்லை.

அப்படியானால் ஹோண்டா நட்டையே வாங்கிப் போட்டுவிடலாமா? நானும் கேட்டேன். ஸ்விஃப்ட்டின் போல்ட்டில் மரை 12 மி.மீ. தடிமன், மரைக்கு மரை 1.25 மி.மீ. இடைவெளி. ஹோண்டாவில் அதே 12, ஆனால் இடைவெளி 1.5. ஒன்றுக்கொன்று சேராது. தொடக்கத்தில் ஒரு சுற்று ஏறுவதுபோல இருக்கும். ஏர் கன் வைத்து அடித்தால் மரை கிழிந்து போல்ட்டே பாழாகும். நடு ஓட்டையில் இருக்கிற 2 மி.மீ. வித்தியாசத்துக்கு வளையம் ஒன்றை லேத்தில் கடைந்து வாங்கலாம், வியாசர்பாடியில் அதற்கு ஆள் உண்டு என்றார் பாய். ஹப் ரிங் என்று ரெடிமேடாகவும் கிடைக்கிறது. ஆனால் அந்த வளையம் மையத்தை மட்டுமே சரிசெய்யும். நட் உட்காரும் குழியை அது மாற்றாது. "இந்த ரிம்ம உன் வண்டிக்கு மறந்துடு" என்று சொல்லிவிட்டு அவர் டீ சொல்லப் போனார்.

அன்றைக்கு அங்கே உட்கார்ந்து கேட்டதும், பிறகு நானே அளந்து பார்த்துக் கற்றதும் இனி.

ரிம் வாங்கப் போகிறவர் முதலில் தன் வண்டியின் பழைய ரிம்மைக் கழற்றி அதன் பின்பக்கத்தைப் பார்க்க வேண்டும். விட்டம், அகலம், ஆஃப்செட் (அது என்ன என்று பின்னால் சொல்கிறேன்) பெரும்பாலும் அங்கேயே பதிந்திருக்கும். 5.5ஜே என்றிருந்தால் அகலம் ஐந்தரை இன்ச். ஜே என்பது டயர் உட்காரும் விளிம்பின் வடிவத்தைக் குறிக்கிற எழுத்து. ஈ.டி. என்று போட்டிருந்தால் அது ஆஃப்செட், ஜெர்மன் சொல்லின் சுருக்கம்.

பி.சி.டி. என்பது போல்ட் ஓட்டைகளின் மையங்கள் வழியாகப் போகிற வட்டத்தின் விட்டம். நாலு ஓட்டை ரிம்மில் எதிரெதிர் ஓட்டைகளின் மையத்துக்கு மையம் அளந்தால் போதும். மையத்தைக் கண்ணால் குத்துமதிப்பாகப் பிடிப்பதைவிட, ஒரு ஓட்டையின் வெளி விளிம்பிலிருந்து எதிர் ஓட்டையின் உள் விளிம்புவரை அளப்பது சுலபம், அதே கணக்குத்தான் வரும். ஐந்து ஓட்டையில் நேர் எதிரே ஓட்டை கிடையாது. அடுத்தடுத்த இரண்டு ஓட்டைகளின் மைய தூரத்தை 1.7-ஆல் பெருக்க வேண்டும். 67 சொச்சம் வந்தால் 114.3, 59-க்குச் சற்றுக் குறைவாக வந்தால் 100.

இந்த எண்ணில் 'கிட்டத்தட்ட' என்ற பேச்சே கூடாது. பழைய ஃபியட் பாலியோவுக்கு 98. பி.சி.டி. 100 உள்ள ரிம்மை அதில் வைத்தால் போல்ட் சாய்வாக ஏறி, ஏறிவிட்டது போலவே தோன்றும். 2 மி.மீ.தானே என்று அப்படி ஓட்டுகிறவர்கள் இருக்கிறார்கள். தயவுசெய்து செய்யாதீர்கள். ஃபோர்டு ஃபிகோவுக்கு 108, ஃபோக்ஸ்வேகன் போலோவுக்கு ஐந்து ஓட்டையில் 100, அதிலும் நட்டுக்குப் பதில் போல்ட். ஆக 'சின்ன கார் எல்லாத்துக்கும் ஒரே ரிம்' என்று யார் சொன்னாலும் அடுத்த கடைக்கு நடந்துவிடுங்கள்.

ஆஃப்செட்டைத்தான் அதிகம் பேர் விட்டுவிடுகிறோம். ரிம்மின் அகலத்துக்கு நடுவில் ஒரு கோடு இழுத்தால், ஹப்போடு ஒட்டுகிற முகம் அந்தக் கோட்டிலிருந்து எத்தனை மி.மீ. தள்ளியிருக்கிறது என்பதுதான் அந்த எண். எண் குறையக் குறையச் சக்கரம் வெளியே வரும். எங்கள் காலடிப்பேட்டைத் தெருவில் ஒரு தம்பி 6ஜே, ஆஃப்செட் 45 இருந்த இடத்தில் 7ஜே, ஆஃப்செட் 35 போட்டான். ஒரு இன்ச் அகலம் கூடினால் இரண்டு பக்கமும் 12.7 மி.மீ. போகும். ஆஃப்செட் 10 குறைந்ததால் மொத்தமும் 10 மி.மீ. வெளியே நகரும். வெளிப்பக்கம் 22.7, உள்பக்கம் 2.7. தெருவில் நிறுத்தியிருக்கும்போது சக்கரம் பாடியோடு ஒட்டி நின்று கம்பீரமாகத்தான் இருந்தது. ஐந்து பேரை ஏற்றிக்கொண்டு போன முதல் நாளே, ஸ்பீட் பிரேக்கரில் இறங்கும்போது ஃபெண்டரின் உள்மடிப்பு டயரின் தோளைச் சீவிவிட்டது. சீவிய இடத்தில் நூல் தெரிந்தது. எங்கும் உரசாவிட்டாலும் வெளியே தள்ளின சக்கரம் வீல் பேரிங்கைக் கூடுதலாக நெம்பும். ஸ்டியரிங்கின் பிடியும் மாறும். பழைய ஆஃப்செட்டுக்கு ஐந்து மி.மீ. முன்பின்னாக இருக்கிற ரிம்மைத் தேடுவதுதான் என் பழக்கம். ஹப்புக்கும் ரிம்முக்கும் நடுவே ஸ்பேசர் என்கிற தட்டைப் போட்டு ஒட்டவைப்பதை எங்கள் ரோட்டுக்கு நான் சொல்லமாட்டேன்.

வாங்குவதற்கு முன் ஒரு சக்கரத்தை மாட்டி, ஸ்டியரிங்கை இரண்டு பக்கமும் முழுசாக ஒடித்துப் பாருங்கள். உள்ளே பிரேக் காலிப்பருக்கும் ரிம்முக்கும் நடுவே விரல் போகிறதா பாருங்கள். அப்புறம் பின்சீட்டில் ஆட்களை உட்காரவைத்து ஒரு ஸ்பீட் பிரேக்கர் ஏறி இறங்குங்கள்.

டயர் கணக்கு எனக்குப் பிடித்த பகுதி. ரிம் பெரிதானால் டயரின் பக்கச்சுவர் குறைய வேண்டும், சக்கரத்தின் மொத்த உயரம் மாறக் கூடாது. என் வண்டியின் பழைய டயர் 165/80 ஆர் 14. 165 மி.மீ. டயரின் அகலம், அதில் 80 சதவீதம் பக்கச்சுவர், அதாவது 132, மேலும் கீழுமாக 264. ஒரு இன்ச் 25.4 மி.மீ., 14 இன்ச்சுக்கு 355.6. கூட்டினால் 619.6 மி.மீ. 185/65 ஆர் 15-க்கு இதே கணக்கைப் போட்டால் 621.5. இரண்டு மி.மீ.கூட வித்தியாசமில்லை. அதே ஸ்விஃப்ட்டின் உயர்ந்த மாடலுக்குக் கம்பெனியே இந்த 15-ஐக் கொடுத்ததன் சூட்சுமம் இதுதான். ஸ்பீடோமீட்டர் பொய் சொல்லாது, ஸ்டெப்னி 14-ஆகவே இருந்தாலும் அவசரத்துக்கு ஓடும். 195/55 ஆர் 16-உம் 620.9 வரும், கணக்கில் கச்சிதம். ஆனால் அதில் பக்கச்சுவர் 107 மி.மீ.தான். 14-இல் 132, 15-இல் 120. பள்ளத்தில் இறங்கும்போது ரிம்முக்கும் ரோட்டுக்கும் நடுவே இருக்கிற மெத்தை அந்தப் பக்கச்சுவர்தான். மணலியிலும் எண்ணூரிலும் தினமும் டிரெய்லர்களுக்கு நடுவே ஓட்டுகிறவன் நான். எனக்கு 15 போதும். 14-இலேயே இருந்திருந்தாலும் ஒன்றும் குறைந்திருக்காது.

பழைய ரிம் வாங்குவதில் தவறில்லை. ஆனால் முன்பக்கப் பளபளப்பில் கண்ணை வைக்காதீர்கள். திருப்பிப்போட்டு உள்சுவரைப் பாருங்கள். விரிசலை வெல்டிங் வைத்து அடைத்து, மேலே பெயின்ட் அடித்து விற்பது நடக்கிறது. ஒரு இடத்தில் மட்டும் பெயின்ட் புதிதாகவோ தடிப்பாகவோ இருந்தால் அந்த ரிம்மை எடுக்காதீர்கள். இலவசமாகக் கொடுத்தாலும் வேண்டாம். வாங்குவதற்கு முன்பே பேலன்சிங் மெஷினில் வெறும் ரிம்மை ஏற்றிச் சுழலவிடச் சொல்லுங்கள். விளிம்பு அலைகிறதா என்று ஒரு பேனாவைப் பக்கத்தில் நீட்டிப் பிடித்தாலே தெரிந்துவிடும். புதிது வாங்கினால் ஐ.எஸ்.ஐ. முத்திரையும், ஒரு சக்கரம் தாங்கும் எடையும் பதிந்திருக்கிறதா பாருங்கள்.

நான் கடைசியில் தேடிப்பிடித்தது என் மாடல் ஸ்விஃப்ட்டுக்கே கம்பெனி கொடுத்த 15 இன்ச் அலாய், பழையதுதான். இரண்டு மாதம் காத்திருக்க வேண்டியிருந்தது. அதுவரை பழைய இரும்பு ரிம்மில் காற்று அடித்து அடித்து ஓட்டினேன். வாங்கியிருந்த டயர்கள் வீணாகவில்லை, அப்படியே இதற்கு மாறின.

மாட்டுகிற அன்று பாய் உடனே சக்கரத்தைத் தூக்கிவிடவில்லை. முதலில் ஒரு கம்பி பிரஷ்ஷை எடுத்து ஹப்பின் முகத்தைத் தேய்த்தார். செங்கல் பொடிபோலத் துரு கொட்டியது. காசிமேட்டிலிருந்து எண்ணூர்வரை கடலோரம் ஓடுகிற வண்டிகளில் இது படலமாக ஏறியிருக்கும். அந்தப் படலத்தின் மேலேயே ரிம்மை வைத்து இறுக்கினால் முகத்தோடு முகம் ஒட்டாது. நாலு நட்டையும் முதலில் கையாலேயே முடிந்தவரை ஏற்றினார். பிறகு எதிரெதிராக, ஒன்று விட்டு ஒன்று, ஸ்பேனரால். ஜாக்கியை இறக்கிய பிறகு டார்க் ரெஞ்ச் வைத்து, மேனுவலில் போட்டிருக்கும் அளவுக்கு 'க்ளிக்' என்று சத்தம் வரும்வரை. ஏர் கன்னை அவர் தொடவே இல்லை. "நூறு கிலோமீட்டர் ஓட்டினு வா, இன்னொரு தபா பாக்கறேன்" என்றார். போனேன். பார்த்தார். ஒரு நட்டும் அசையவில்லை. வெளிவட்டச் சாலையில் 80-இல் ஸ்டியரிங் கல்போல நின்றது.

அந்த ஹோண்டா ரிம்கள் நாலும் பாய் கடையின் சுவரோரம் சாய்ந்துகிடந்தன. ஸ்விஃப்ட்காரர் யார் கேட்டாலும் கொடுக்கக் கூடாது என்று சொல்லிவைத்திருந்தேன். சித்திரையில் ஒரு நாள் போன் வந்தது. தண்டையார்பேட்டையிலிருந்து ஒருவர் பழைய சிட்டியோடு வந்திருந்தார், அவர் ரிம் ஒன்று கொருக்குப்பேட்டை பக்கத்தில் உடைந்துபோயிருந்தது. நான் போய்ச் சேர்ந்தபோது பாய் முதல் சக்கரத்தைத் தூக்கிக்கொண்டிருந்தார். எங்கள் நட் அழுத்திய அந்தப் பளபள வளையங்களை சிட்டிக்காரரிடம் காட்டிச் சொல்லிவிட்டேன். அவர் விரல் வைத்துத் தடவிப் பார்த்தார். பாய் ஒரு ஹோண்டா நட்டில் மார்க்கர் பூசி, மாட்டி, இறுக்கி, கழற்றிக் காட்டினார். உருண்டை அடி முழுக்கச் சீராகக் கறுப்பு அழிந்திருந்தது. மற்ற குழிகளையும் அதேபோல ஒவ்வொன்றாகப் பார்த்த பிறகுதான் காசு பேசினோம்.

அப்புறம் சக்கரத்தை ஹப்புக்கு நேராகப் பிடித்து ஒரு தள்ளு தள்ளினார். நட் எதுவும் போடாமலேயே அது உள்ளே போய் 'டொப்' என்று உட்கார்ந்தது. பாய் இரண்டு கையாலும் மேலும் கீழும் ஆட்டிப் பார்த்தார். அசையவில்லை. என்னைத் திரும்பிப் பார்த்து, "பாத்தியா தம்பி?" என்றார்.